கறை வைக்காதவள்

எங்கள் இஸ்திரிப் பெட்டியின் அடிப்பக்கத்தில் மங்கலாக முகம் பார்க்கலாம் என்பது, அவள் அதை இரவல் வாங்கிப் போய்த் திருப்பித் தந்த அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது. அதுவரை அதன் நிறமே கறுப்பு என்று நினைத்திருந்தேன். கல்யாணச் சீரோடு என் அப்பா வாங்கிக் கொடுத்த கரிப்பெட்டி அது. என் கணவருக்கு ரயில்வே கூட்ஸ் ஆபீசில் வேலை. வெள்ளைச் சட்டையும் வெள்ளைக் கால்சட்டையும் கஞ்சி போட்டுத் தேய்த்தால்தான் உடுத்துவார். தேய்த்துத் தேய்த்துப் பெட்டியின் அடியில் கஞ்சி பழுப்பாகப் பற்றியிருந்தது. அவசரத்தில் நான் தீய்த்த துணிகளின் கருக்கல் அதன்மேல் அடை அடையாகப் படிந்திருந்தது.

அவள் கொண்டுவந்து வைத்தபோது, வேறு யாருடைய பெட்டியையோ மாற்றித் தருகிறாள் என்றுதான் முதலில் நினைத்தேன். உள்ளே ஒரு துளி சாம்பல்கூட இல்லை. மரப்பிடியில்கூட எண்ணெய் தடவித் துடைத்திருந்தாள்.

"எதுக்கும்மா இவ்ளோ வேல?" என்று கேட்டேன்.

"இரவல் பொருளு நம்ம கையில இருந்துச்சுன்னே தெரியக் கூடாதுக்கா" என்றாள்.

என்னைவிட நாலைந்து வயது பெரியவளாக இருந்திருப்பாள். ஆனாலும் என்னை அக்கா என்றுதான் கூப்பிடுவாள். காம்பவுண்டில் எல்லோருமே அவளுக்கு அக்காதான்.

ஆந்திரா தனியாகப் பிரிந்த சமயம் அது. திருவள்ளூர் ஸ்டேஷனுக்குப் பின்பக்கம், ஒரே முற்றத்தைச் சுற்றி இருந்த சில குடித்தனங்களில் எங்களுடையதும் ஒன்று. தெருவைப் பார்த்த பெரிய பகுதியில் வீட்டுக்கார அம்மா, தன் மகனோடும் மருமகளோடும் கல்யாணத்துக்கு நின்ற மகளோடும் இருந்தார். கிணற்றை ஒட்டிய கடைசி அறைக்கு இவளும் கூட ஒருவரும் குடிவந்தார்கள். அவர் நெல் மில்லில் இன்ஜின் ஓட்டுபவர். அதிகம் பேச மாட்டார். காக்கிச் சட்டையில் எப்போதும் எண்ணெய் வாடை. இவள் வீட்டிலிருந்தபடியே பெண்களுக்கு ரவிக்கை தைத்துக் கொடுத்தாள். தைத்த மடிப்பை அழுத்துவதற்குத்தான் அவளுக்கு என் பெட்டி வேண்டியிருந்தது.

ஒருநாள் பக்கத்தில் உட்கார்ந்து அவள் அதைச் சுத்தம் செய்வதைப் பார்த்தேன். கத்தியால் சுரண்ட மாட்டாள். கீறல் விழுந்தால் துணியின் நூலை இழுத்துவிடும் என்பாள். கொட்டாங்குச்சித் துண்டால் கருக்கலைப் பெயர்த்து எடுப்பாள். பிறகு பெட்டியில் கொஞ்சமாகக் கரி போட்டுச் சூடாக்கி, பழைய காகிதத்தில் கல்லுப்பைப் பரப்பி அதன்மேல் ஓட்டுவாள். உப்பு படபடவென்று வெடித்துக் கறுத்துப்போகும். காகிதத்தை மாற்றுவாள், மறுபடி ஓட்டுவாள். கடைசியில் மெழுகுவத்தித் துண்டைத் துணியில் சுற்றி ஒரு தேய். ஆறிய பிறகு புளியும் சாம்பலும். அத்தனையையும் வாய் திறக்காமல் செய்வாள். பெட்டியைக் கவிழ்த்து வெளிச்சத்தில் சாய்த்துப் பார்க்கும்போது அவள் முகத்தில் சந்தோஷம் எதுவும் தெரியாது. ஏதோ ஒன்றிலிருந்து தப்பித்துவிட்ட மாதிரி மூச்சு விடுவாள்.

பெட்டி மட்டுமில்லை. அவள் கை பட்ட எதிலும் அப்படித்தான். கிணற்றடியில் துவைத்துவிட்டுப் போனால் கல்லில் ஈரம்தான் இருக்கும், நுரை இருக்காது. யார் வீட்டிலாவது மோர் குடித்தால் டம்ளரைத் தானே கழுவிக் கவிழ்த்துவிட்டுத்தான் எழுந்திருப்பாள். சுத்தக்காரி என்று முதலில் எல்லோரும் மெச்சினார்கள். பிறகு அந்தச் சுத்தமே அவர்களை உறுத்த ஆரம்பித்தது. அப்படி என்னத்தைக் கழுவுகிறாள் என்று கேட்டார்கள்.

மழைக்காலம் முடிந்து வீட்டுக்கார அம்மா முற்றத்தில் ஒரு பக்கம் சிமெண்டு போட்டார். அது காய்வதற்குள் கோழி நடந்தது, குழந்தைகள் மிதித்தார்கள், நானும் கவனிக்காமல் ஒரு கால் வைத்துவிட்டேன். அதை எல்லோரும் சிரித்துக்கொண்டே விட்டுவிட்டார்கள். அவள் காலும் ஓரமாக ஒரு இடத்தில் பதிந்துவிட்டது. அவள் மட்டும் மேஸ்திரியின் பின்னாலேயே போய், அதைக் கொஞ்சம் மெழுகிவிடும்படி கெஞ்சினாள். காலைக்கு வந்து செய்கிறேன் என்று அவர் சொன்னதற்கு ஒப்பவில்லை. கடைசியில் கரணையை அவரிடமே வாங்கித் தன் கையாலேயே பூசினாள். எங்கள் பாதங்கள் எல்லாம் அந்தத் தரையில் இருந்தன. அவளுடையது மட்டும் இல்லை.

அமாவாசைக்கு அமாவாசை குளத்தில் முழுக்குப் போட எந்தெந்த ஊர்களிலிருந்தோ சனம் வரும். ஸ்டேஷனிலிருந்து கோயில்வரை தலையாகத் தெரியும். அன்றைக்கு அவள் கதவு திறக்காது. தண்ணீருக்குக்கூட வெளியே வர மாட்டாள். ஒரு அமாவாசையன்று நான் கதவைத் தட்டினேன். வெகுநேரம் உள்ளே சத்தமே இல்லை. என் குரலைக் கேட்ட பிறகுதான் தாழ்ப்பாளை எடுத்தாள். அன்றைக்குத்தான் அந்த அறையின் உள்ளே நன்றாகப் பார்த்தேன். சுவரில் ஒரு ஆணி இல்லை, ஒரு காலண்டர் இல்லை. மூலையில் ஒரு தகரப் பெட்டி, கயிற்றால் இறுக்கிக் கட்டி வைத்திருந்தது. ஊருக்கா என்று கேட்டேன். இல்லைக்கா, எப்போதும் அப்படித்தான் இருக்கும் என்றாள்.

அவள் பெயர்கூட எங்களுக்குத் தெரியாது. கேட்டவர்களுக்கெல்லாம் ஒவ்வொரு பெயர் சொல்லியிருந்தாள். கிணற்றடியில் ஒப்பிட்டுப் பார்த்தபோதுதான் அது தெரிந்தது. அதற்குப் பிறகு பெண்கள் அவளிடம் ரவிக்கை தைக்கக் கொடுத்தார்கள், ஆனால் உட்கார்ந்து பேசுவதை நிறுத்திவிட்டார்கள்.

வீட்டுக்கார அம்மாவின் மருமகள் மட்டும் போய் உட்காருவாள். பொன்னேரிப் பக்கத்துப் பெண். கல்யாணமாகி ஒரு வருஷம்கூட ஆகவில்லை. எதிர்த்துப் பேசினாள் என்று மாமியார் ஒருமுறை அவளைப் பிறந்த வீட்டுக்கு அனுப்பியிருந்தார். அவளுடைய அப்பாவே கூட்டிவந்து விட்டுவிட்டு, இன்னொரு தடவை இப்படித் திரும்பி வந்தால் வாசல் மிதிக்கக் கூடாது என்று எங்கள் எல்லோர் காதிலும் விழும்படி சொல்லிவிட்டுப் போனார். அதற்குப் பிறகு அந்தப் பெண் நடந்தால்கூடக் கொலுசுச் சத்தம் கேட்காது.

அந்த வீட்டு மகளுக்கு நிச்சயதார்த்தம் கூடிவந்தது. வீட்டுக்கார அம்மா தன் கூரைப் புடவையை டிரங்குப் பெட்டியிலிருந்து எடுத்தார். அரக்கு நிறம், அகலக் கரை. கல்யாணத்துக்குத் தன் வீட்டுக்காரர் எடுத்துக் கொடுத்தது என்று அதன்மேல் அவருக்கு அப்படி ஒரு பிரியம். அதைத்தான் மகள் நிச்சயத்தன்று உடுத்த வேண்டும். நிழலில் உலர்த்தி மடித்து வை என்று மருமகளிடம் சொல்லிவிட்டு, மகளையும் கூட்டிக்கொண்டு சொந்தக்காரர்களை அழைக்கப் போனார்.

நான் அன்று கடைத்தெருவுக்குப் போயிருந்தேன். திரும்பி முற்றத்தில் கால் வைத்ததும் முடி கருகின நாற்றம் அடித்தது. வாசல் மாடத்தில் வைத்திருந்த என் இஸ்திரிப் பெட்டியைக் காணவில்லை. நாற்றம் வந்த பக்கம் போனேன். கிணற்றுக்குப் பின்னால், துவைக்கிற கல்லின் மறைவில், அவள் என் பெட்டியைக் கவிழ்த்து மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

பெட்டியின் அடியில் கொப்புளம் கொப்புளமாகக் கறுப்புப் பிசின் ஒட்டியிருந்தது. கஞ்சி அப்படி ஒட்டாது. பட்டுதான் அப்படி உருகிப் பிடித்துக்கொள்ளும். கொட்டாங்குச்சியால் அதைப் பெயர்த்துக்கொண்டிருந்தாள். வழக்கமாக நிதானமாகச் செய்கிறவள். அன்றைக்கு அவசர அவசரமாகப் பெயர்த்தாள். கொட்டாங்குச்சி வழுக்கி விரலில் ரத்தம் வந்திருந்தது.

யாருடைய துணி என்று கேட்டேன். அவள் தலை நிமிரவில்லை. சாயங்காலத்துக்குள் பழையபடி ஆக்கித் தந்துவிடுகிறேன் என்று மட்டும் சொன்னாள். தைக்க வந்த யாருடைய பட்டு ரவிக்கையையோ தீய்த்துவிட்டாள் போலிருக்கிறது என்று நினைத்து, மேலே கேட்காமல் வந்துவிட்டேன். வெயில் தாழ்வதற்கு முன்பே பெட்டி என் மாடத்துக்கு வந்துவிட்டது. எப்போதையும்விட அதிகமாகப் பளபளத்தது.

வீட்டுக்கார அம்மா திரும்பி வந்து, மகளுக்கு வைத்துப் பார்ப்பதற்காகப் புடவையைப் பிரித்தார். உள்ளேயிருந்து வந்த சத்தத்தில் நாங்கள் எல்லோரும் முற்றத்துக்கு ஓடிவந்தோம். அவர் புடவையைக் கையில் போட்டுக்கொண்டு வெளியே வந்தார். முந்தானைக்குக் கொஞ்சம் கீழே, படகு வடிவத்தில், பட்டு கறுத்து ஓட்டையாகியிருந்தது.

காம்பவுண்டில் இருந்தது ஒரே இஸ்திரிப் பெட்டி. அவர் நேராக என் பக்கம் திரும்பினார். பெட்டியைக் கொண்டுவரச் சொன்னார். கொண்டுவந்து கொடுத்தேன். கவிழ்த்துப் பார்த்தார். வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தார். விரலால் தடவினார். நானும் பார்த்துக்கொண்டு நின்றேன். அந்தச் சுத்தம் அன்றைக்கு எனக்கே பயமாக இருந்தது.

"தெனம் துணி தேய்க்கிற பொட்டி. இதுல ஒரு பொட்டுக் கறுப்பு இல்ல. இன்னிக்கு யாரு இத்த கழுவுனது?"

நான் வாயைத் திறப்பதற்குள் கடைசி அறையின் வாசலிலிருந்து அவள் இறங்கி வந்தாள்.

"நான்தான்க்கா கழுவுனேன்."

"அப்ப நீதான் கொளுத்துனியா?"

"இல்லக்கா."

"யாரு?"

"அத்த நான் சொல்ல மாட்டேன்."

சத்தமாகச் சொல்லவில்லை. ஆனால் முற்றத்தில் எல்லோருக்கும் கேட்டது. நான்தான் என்று ஒப்புக்கொண்டிருந்தால் திட்டி, புடவைக்குப் பதில் சொல் என்று கேட்டு விட்டிருப்பார்கள். எனக்குத் தெரியாது என்று பொய் சொல்லியிருந்தால் பேச்சு வேறு பக்கம் திரும்பியிருக்கும். அவள் இரண்டும் செய்யவில்லை. வீட்டுக்கார அம்மாவுக்கு அதுதான் தாங்கவில்லை. பேர் தெரியாதவள், ஊர் தெரியாதவள், அமாவாசையன்று கதவைச் சாத்திக்கொள்கிறவள் என்று ஒவ்வொன்றாக எடுத்துப் போட்டார். மற்றவர்களும் சேர்ந்துகொண்டார்கள். யாரோ மில்லுக்கு ஓடி இன்ஜின்காரரையும் கூட்டிவந்தார்கள். எண்ணெய்க் கையோடு வந்து நின்றவர், விஷயத்தைக் கேட்டுவிட்டு அவளிடம் மெதுவாகச் சொன்னார். யாரென்று சொல்லிவிடு, நமக்கெதற்கு இது என்றார். அவள் மாட்டேன் என்று தலையை அசைத்தாள்.

"அப்ப போலீஸ்ல சொல்லிக்கோ. இதோ ஆள் அனுப்புறேன்" என்றார் வீட்டுக்கார அம்மா.

அந்த ஒரு சொல்லுக்கு அவள் முகம் வெளுத்ததை நான் பார்த்தேன். இன்ஜின்காரரும் பார்த்தார். உடனே கையைக் கூப்பினார். யாரையும் கூப்பிட வேண்டாம், இப்போதே காலி செய்துவிடுகிறோம் என்றார். அவளைத் தோளைப் பிடித்துத் திருப்பி அறைக்குள் கூட்டிப்போனார். மூட்டை கட்ட வேண்டிய வேலையே அவர்களுக்கு இல்லை. கொஞ்ச நேரத்தில் தகரப் பெட்டியும் ஒரு பாயும் சில பாத்திரங்களும் வாசலுக்கு வந்துவிட்டன.

மருமகள் அதுவரை தூணைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தாள். தகரப் பெட்டியை அவர் தோளில் தூக்கி வைத்தபோது அவள் தூணை விட்டாள்.

"அத்தே, நான்தான் தேச்சேன். மடிப்பு விழுந்திருந்துச்சுன்னு தேச்சேன். அவங்க ஒண்ணும் செய்யல."

சொல்லிவிட்டு அங்கேயே உட்கார்ந்துவிட்டாள். மாமியார் போய் அவள் கொண்டையைப் பிடித்துத் தூக்கி நிறுத்தினார். மகன் வீட்டில் இல்லை. மெட்ராசில் வேலை முடிந்து சாயங்கால வண்டிக்குத்தான் வருவான். மகள் அம்மாவின் கையைப் பிடித்து இழுத்தாள். அந்த அம்மாவுக்கு அது உறைக்கவே இல்லை. கண் என் இஸ்திரிப் பெட்டிமேல் விழுந்தது.

"கரி போடுங்கடி அதுல. சூடு இன்னான்னு இவளுக்கும் தெரியட்டும்."

யாரும் நகரவில்லை. யாரும் தடுக்கவும் இல்லை. என் பெட்டி முற்றத்தின் நடுவில் கிடந்தது.

அவள்தான் வந்தாள். கையிலிருந்த பாயைக் கீழே போட்டுவிட்டு வந்து, பெட்டியை எடுத்து இடுப்போடு அணைத்துக்கொண்டாள். மறுகையால் மாமியாரின் விரல்களை அந்தப் பெண்ணின் தலைமுடியிலிருந்து ஒவ்வொன்றாகப் பிரித்தாள். பிறகு பெட்டியை வைத்துக்கொண்டே தன் ரவிக்கையின் கையை மேலே சுருட்டினாள். எப்போதும் முழங்கைவரை நீண்ட ரவிக்கைதான் போடுவாள். தையல்காரி, அவளுக்குப் பிடித்த மாதிரி தைத்துக்கொள்கிறாள் என்று நான் நினைத்திருந்தேன். தோள்பட்டைக்குக் கீழே கரண்டிக் காம்பின் அகலத்தில், வரிசையாகத் தழும்புகள் இருந்தன.

"சூடு இன்னான்னு என்ன கேளு, நான் சொல்றேன். கட்டுனவன் வெச்சது. அவன உட்டுட்டு இந்த மனுசனோட வந்தவ நான். எங்க அண்ணனுங்க என்ன வெட்டறதுக்குத் தேடிக்கினு கீறாங்க. போலீஸ கூப்புடு. வரட்டும். இந்தப் பொண்ணு மேல கை வெச்சியான்னா நானே போய் கூட்டியாருவேன்."

பிறகு தன் பெயரைச் சொன்னாள். தன் அப்பாவின் பெயரைச் சொன்னாள். ஊத்துக்கோட்டைக்கு அப்பால் இருக்கும் தன் ஊரைச் சொன்னாள். தெருவாசலில் கூட்டம் கூடியிருந்தது. வழியில் போன வண்டிக்காரர்கள்கூட நின்று கேட்டார்கள். இன்ஜின்காரர் தோளில் தகரப் பெட்டியோடு கண்ணை மூடிக்கொண்டார். அந்தப் பெயரை நான் இங்கே எழுதவில்லை. அது உண்மைப் பெயர் என்று அந்த முற்றத்தில் நின்ற யாருக்கும் சந்தேகம் வரவில்லை.

வீட்டுக்கார அம்மா கையைக் கீழே போட்டார். புடவையைச் சுருட்டி எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டார்.

அவள் இஸ்திரிப் பெட்டியை என் கையில் கொடுத்தாள். உள்ளே எடுத்து வைத்துவிடுக்கா, இந்த அம்மா கண்ணில் படாமல் இருக்கட்டும் என்றாள். அந்தப் பெண்ணின் தலையைக் கோதிவிட்டாள். தன் ஊரையும் பெயரையும் சொன்ன இடத்தில் இனி ஒரு பொழுதுகூட இருக்க முடியாது என்று அவர்கள் இரண்டு பேருக்குமே தெரிந்திருந்தது. பாயைச் சுருட்டிக்கொண்டு அவர் பின்னால் நடந்தாள். அதற்குப் பிறகு நான் அவளைப் பார்க்கவில்லை.

அவர்கள் மெட்ராஸ் வழியாகக் கும்மிடிப்பூண்டிக்கு டிக்கெட் எடுத்தார்கள் என்று என் கணவர் வந்து சொன்னார். அங்கே ஒரு நெல் மில்லில் இன்ஜினுக்கு ஆள் கேட்டிருந்தார்களாம். நான் யாரிடமும் சொல்லவில்லை. ஆனால் ஸ்டேஷனுக்குப் பின்னால் இருக்கிற காம்பவுண்டில் இந்த மாதிரி விஷயம் தங்காது. மறுநாளே எல்லோருக்கும் தெரிந்திருந்தது.

மருமகளை மாமியார் அனுப்பவில்லை. மகன் வந்து என்ன பேசினான் என்று தெரியாது. ஆனால் அந்த அம்மா மருமகளோடு பேச்சை நிறுத்திவிட்டார். அவள் சமைத்ததைத் தொடுவதில்லை. தனக்கு மட்டும் தனியாக ஒரு அடுப்பு மூட்டிக்கொண்டார். மகளின் நிச்சயதார்த்தத்தன்று கடையில் வாங்கிய புதுப் புடவையைப் பார்த்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். கடைசி அறையைப் பூட்டி வைத்திருந்தார். கேட்டு வந்தவர்களுக்கும் விடவில்லை.

பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் இரண்டு பேர் வந்தார்கள். வேட்டியை மடித்துக் கட்டியிருந்தார்கள். ஒருவனுக்கு அவளுடைய அதே நெற்றி, அதே மூக்கு. யார் என்று நாங்கள் கேட்க வேண்டியிருக்கவில்லை. பெரியவன் அவள் பெயரைச் சொல்லி, இங்கே இருந்தாளாமே என்றான். தெருவே கேட்ட விஷயம், இல்லை என்று யார் சொல்ல முடியும். கிணற்றடியில் இருந்த நாங்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டோம். எங்களில் யாராவது ஒருத்தி வாய்தவறி ஒரு சொல் சொன்னால் போதும். சின்னவன் பூட்டியிருந்த கடைசி அறையையே பார்த்துக்கொண்டிருந்தான். அவன் தோள் துண்டு, உள்ளே அரிவாளைச் சுற்றி வைத்த மாதிரி, ஒரு பக்கம் கனமாகத் தொங்கியது.

வீட்டுக்கார அம்மா வெளியே வந்தார். அவளைத் துரத்தியவர் அவர்தான்.

"இருந்தா. எங்க குடும்பப் பொடவைய நாசம் பண்ணிட்டா. நான்தான் கழுத்தப் புடிச்சு வெளிய தள்ளுனேன். உங்க ஊட்டுப் பொண்ணா அவ? நல்லா வளத்தீங்க" என்றார். அதற்கு மேல் அவர் பேசிய பேச்சை எழுத முடியாது. வந்தவர்களே தலையைக் குனிந்துகொண்டார்கள்.

"எங்க போனா?" என்று பெரியவன் கேட்டான்.

"அரக்கோணம் வண்டி ஏறுனாங்க. என் கண்ணால பார்த்தேன். ரேணிகுண்டா பக்கம் மில்லுல வேல கெடச்சிருக்குன்னு அந்த ஆளு சொல்லிக்கினு இருந்தான். போய் இழுத்துக்கினு போங்க, எங்களப் புடிச்ச பேஜாரு ஒழியட்டும்."

அவ்வளவு வெறுப்போடு பேசுகிறவரை யார்தான் சந்தேகிப்பார்கள்? பெரியவன் கும்பிட்டான். இரண்டு பேரும் தெருவில் இறங்கி ஸ்டேஷன் பக்கம் வேகமாக நடந்தார்கள். கொஞ்ச நேரத்தில் மேற்கே போகிற வண்டி கூவியது. அதன் சத்தம் ஓய்கிறவரை அந்த அம்மா வாசலிலேயே நின்றார்.

பிறகு எங்கள் பக்கம் திரும்பினார். இன்னா பார்க்கிறீங்க, அவங்கவங்க வேலையப் பாருங்க என்றார். நிலைப்படியைப் பிடித்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்தார்.

மருமகள் உள்ளே போய் ஒரு சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து நீட்டினாள். நீட்டிய கையை அந்த அம்மா நிமிர்ந்து பார்த்தார். வாங்கிக் குடித்தார்.